பஸ்ரர் கீற்றனின் வீழ்ச்சி: ஒரு மறுவாசிப்பு

பேசும்படம் வந்தது, மௌனப்பட நகைச்சுவைக் கலைஞர்கள் அழிந்தார்கள் என்பது சினிமா வரலாறுகள் சலிக்காமல் சொல்லிவரும் கதை. அதற்கு உதாரணமாக பஸ்ரர் கீற்றனைக் (1895–1966) காட்டுவார்கள். கூடவே அவருடைய குடியையும் சேர்த்துக்கொள்வார்கள். இவ்விளக்கத்தில் எனக்கு உடன்பாடில்லை.

கீற்றன் மேடையேறியது குழந்தைப் பருவத்தில். வோட்வில் எனப்பட்ட அமெரிக்கப் பல்சுவை மேடைகளில் தகப்பன் அவரைத் தூக்கி எறிவதுதான் நிகழ்ச்சி. எறிய வசதியாகச் சட்டையின் முதுகில் ஒரு கைபிடி தைக்கப்பட்டிருந்தது. விழுந்தெழும் பிள்ளை சிரித்தால் சபை சிரிக்காது. முகத்தை இறுக்கி வைத்திருந்தால் மண்டபம் அதிரும். பின்னாளில் உலகம் வியந்த அந்தச் சிரியாத முகம் இப்படித்தான் உருவானது. மேடைச் சிறுவர்களைப் பாதுகாக்கவென நியூயோர்க்கில் இயங்கிய சங்கத்தினர் இக்குடும்பத்தை விடாமல் துரத்தினர். அவர்கள் பக்கம் நியாயமில்லை என்று சொல்ல என்னால் முடியாது.

1917 இல் ரொஸ்கோ ஆர்பக்கிளின் படங்களில் நுழைந்தவர், 1920 இலிருந்து தன் படங்களைத் தானே உருவாக்கினார். 1924 இல் 'ஷெர்லொக் யூனியர்' படப்பிடிப்பில், புகையிரதத் தண்ணீர்த் தாங்கியிலிருந்து கொட்டிய நீர் அவரைத் தண்டவாளத்தில் அடித்து வீழ்த்தியது. கழுத்தெலும்பு முறிந்திருந்ததைப் பல ஆண்டுகளின் பின்னர் எக்ஸ்றேதான் சொன்னது. 1928 இல் வெளியான 'ஸ்ரீம்போற் பில் யூனியர்' படத்தில் ஒரு வீட்டின் முன்சுவர் முழுதாக அவர்மீது சாய்கிறது. திறந்திருந்த யன்னல் இடைவெளி அவர் நின்ற இடத்தில் வந்து பொருந்துவதால் உயிர் தப்புகிறார். அது கமராத் தந்திரமல்ல. சில அங்குலம் பிசகியிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும்.

இவ்வளவும் செய்தவருக்கு, அவர் பெயரையே தாங்கிய கம்பனியில் ஒரு பங்குகூட இருக்கவில்லை. சம்பளமும் இலாபத்தில் ஒரு பகுதியும் மட்டுமே. முதலாளி ஜோசப் ஷெங்க், மனைவியின் அக்காவை மணந்த சகலன். 'ஜெனரல்' (1926) பெரும் செலவில் எடுக்கப்பட்டு வசூலில் தோற்றிருந்தது. 1928 இல் ஷெங்க் சொல்லை நம்பி, சப்ளின் எச்சரித்தும் கேளாமல், வாரம் 3000 டொலருக்கு மெற்ரோ கோல்ட்வின் மேயரில் கையெழுத்திட்டார். அங்கு கதை வேறொருவருடையது, மேற்பார்வை இன்னொருவருடையது. ஆபத்தான காட்சிகளில் அவர் தானே விழுவதற்கும் தடை. விலைகொடுத்து வாங்கிய உடம்புக்குச் சேதம் வரலாமா? குடி கட்டுமீறியதும் இந்த ஆண்டுகளில்தான்.

1930 அளவில் இன்னொரு கூத்து. வெளிநாட்டுச் சந்தைக்காக ஒரே படத்தைப் பல மொழிகளில் எடுத்தார்கள். கீற்றன் ஸ்பானிய, பிரெஞ்சு, யேர்மன் வசனங்களை ஒலியாக மட்டும் மனனம் செய்து ஒப்புவித்தார். (வேலையிடத்தில் நாம் பேசிய முதல் வாக்கியங்கள் நினைவுக்கு வருகின்றன.)

சப்ளினோ சொந்தக் கலையகத்தில் இருந்துகொண்டு 1931 இலும் 1936 இலும்கூடத் தன் நாடோடியைப் பேசவிடாமல் படமெடுத்தார், வென்றார். ஒலி இருவருக்கும் ஒன்றுதான். 1933 இல் கீற்றன் வேலையிலிருந்து நீக்கப்பட்டார். சில ஆண்டுகள் கழித்து அதே கம்பனி அவரைத் திரும்ப எடுத்தது, மற்ற நடிகர்களின் படங்களுக்குச் சிரிப்புக் காட்சிகள் யோசித்துக் கொடுக்க. சம்பளம் வாரம் 100 டொலர்.