புதுப்பேட்டை (திரைப்படம், 2006)

புதுப்பேட்டை, செல்வராகவன் இயக்கத்தில் 2006 மே 26 அன்று வெளியான தமிழ்த் திரைப்படம். சென்னைக் குடிசைப் பகுதியில் வளரும் பள்ளிக்கூடத்துப் பையன் குமார், ‘கொக்கி குமார்’ என்ற ரவுடியாகி, பிறகு அரசியல்வாதியாவதே கதை. தனுஷ், சினேகா, சோனியா அகர்வால், பாலா சிங், அழகம் பெருமாள் ஆகியோர் நடித்தனர். ஒளிப்பதிவு அரவிந்த் கிருஷ்ணா, படத்தொகுப்பு கோலா பாஸ்கர், இசை யுவன் சங்கர் ராஜா. எழுத்தில் செல்வராகவனுடன் பங்கேற்றவர் நாவலாசிரியர் பாலகுமாரன்.

பாலகுமாரனின் பெயரிலிருந்து தொடங்கினால் இப்படத்தின் இடம் தெளிவாகும். மணிரத்னத்தின் ‘நாயகன்’ (1987), சுரேஷ் கிருஷ்ணாவின் ‘பாட்ஷா’ (1995) இரண்டுக்கும் வசனம் எழுதியவர் அவர். அந்தப் படங்களின் தாதா ஏழைகளின் காவலன். அவன் ஓங்கும் கைக்குப் பின்னால் ஒரு நியாயம் நிற்கும், அவனைக் கும்பிட ஊரே திரண்டு வரும். அதே எழுத்தாளரைத் துணைக்கு வைத்துக்கொண்டே செல்வராகவன் அந்த மரபை உடைத்தார். குமார் யாரையும் காப்பாற்றக் கத்தி எடுப்பதில்லை. அம்மாவை அப்பாவே கொன்றுவிட, உயிருக்குப் பயந்து ஓடி, பசியில் பிச்சையெடுத்து, போலீஸிடம் சிக்கி, கடைசியில் அன்பு (பாலா சிங்) என்ற ரவுடியின் கும்பலில் ஒண்டுகிறான். அவனுக்கு வேண்டியது சோறும் ஒதுங்க ஓர் இடமும்தான்.

செல்வராகவன் இதற்கு முன் ‘காதல் கொண்டேன்’ (2003), ‘7ஜி ரெயின்போ காலனி’ (2004) ஆகிய படங்களை இயக்கியிருந்தார். ஒதுக்கப்பட்ட இளைஞனின் மனதை நோண்டிப் பார்க்கும் அந்தப் பழக்கத்தை இங்கே ரவுடிக் கதைக்குள் கொண்டுவந்தார். வெளியீட்டின்போது தனுஷுக்கு வயது 22. சட்டைக்குள் தொலைந்துபோகும் அந்த ஒல்லி உடம்பு படத்துக்குப் பெரிய பலம். அடிவாங்கும்போது அவன் செத்துவிடுவான் என்றே நமக்குத் தோன்றுகிறது.

தலைப்பிலுள்ள புதுப்பேட்டை எழும்பூரை ஒட்டி, கூவம் ஆற்றோரம் இருக்கும் பகுதி. பழைய வண்டிகளைப் பிரித்து உதிரிபாகம் விற்கும் கடைகளுக்குப் பேர்போனது. ஆனால் படத்தின் நகர யதார்த்தம் இடங்களைக் காட்டுவதில் இல்லை. ரவுடித்தனத்தை அது ஒரு தொழிலாகக் காட்டுவதில் இருக்கிறது. கத்தியை எப்படிப் பிடிப்பது, எங்கே வெட்டினால் ஆள் பிழைக்கமாட்டான் என்று புதிதாகச் சேர்ந்த பையன்களுக்குப் பாடம் நடக்கும் காட்சி ஒன்று உண்டு. சொல்லித்தருபவரிடம் கோபமோ வெறியோ துளியும் இல்லை. மெக்கானிக் கடையில் ஸ்பேனர் பிடிக்கச் சொல்லித்தரும் தொனிதான். தமிழ் சினிமாவில் வன்முறையை இவ்வளவு சாதாரணமாகவும், அதனாலேயே இவ்வளவு பயங்கரமாகவும் காட்டிய காட்சிகள் குறைவு.

தொழிலுக்கு முதலாளி வேண்டும். அன்புக்கு மேலே தமிழ்ச்செல்வன் (அழகம் பெருமாள்) என்ற அரசியல்வாதி இருக்கிறார்; ஏரியாவும் பதவியும் அங்கிருந்துதான் பிரித்துத் தரப்படுகின்றன. அன்பைக் கொன்று அந்த இடத்துக்கு வரும் குமார் அரசியலுக்குள் நுழைவது, அதனால், கதையின் திருப்பமாகத் தெரிவதில்லை. பதவி உயர்வாகவே தெரிகிறது.

குடும்பப் பாங்கான வேடங்களுக்குப் பெயர்பெற்ற சினேகா, பாலியல் தொழிலாளி கிருஷ்ணவேணியாக நடித்தது அன்று பேசப்பட்டது. நண்பனின் தங்கை செல்விக்கு (சோனியா அகர்வால்) அவளுடைய கல்யாண மேடையிலேயே குமார் பலவந்தமாகத் தாலி கட்டும் காட்சி, நாயகன்மேல் நமக்கு ஒட்டியிருந்த கடைசிப் பரிவையும் அறுக்கிறது. அந்தத் துணிவைப் பாராட்டத்தான் வேண்டும். ஆனால் அதன்பின் செல்வியின் மனதுக்குள் படம் போதிய அளவு போகவில்லை. இரண்டாம் பாதியின் நீளத்தைவிட இதுவே பெரிய குறை.

யுவனின் பின்னணி இசை, பாங்காக்கின் சிம்பொனி இசைக்குழுவைக் கொண்டு பதிவு செய்யப்பட்டது. ஒரு பாடலைக் கமல்ஹாசன் பாடினார். குமாரின் கூட்டாளிகளில் ஒருவராகச் சிறு வேடத்தில் வந்தவர், பின்னாளில் நாயகனான விஜய் சேதுபதி.

வெளியான காலத்தைவிடப் பிற்பாடே படத்தின் மதிப்பு கூடியது. சென்னையின் ரவுடி வாழ்வையும் ஏரியா அரசியலையும் சொன்ன ‘பொல்லாதவன்’ (2007), ‘ஆரண்ய காண்டம்’ (2011), ‘மெட்ராஸ்’ (2014), ‘வட சென்னை’ (2018) ஆகியவை அடுத்தடுத்து வந்தன. இவற்றில் சில கட்டுக்கோப்பில் இதைவிடத் தேர்ந்தவை. ஆனால் கொலைகாரனை நாயகனாக வைத்தும் அவனுக்கு ஒரு நியாயமும் கற்பிக்காமல் கடைசிவரை கதை சொன்னதில் ‘புதுப்பேட்டை’யே இன்றும் முன்னால் நிற்கிறது.