கூடைப்பந்துப் பயிற்றுநர் (தமிழ்நாடு)

கூடைப்பந்துப் பயிற்றுநர் என்பவர் ஆட்டக்காரர்களைத் தேர்ந்து, பழக்கி, ஆட்டம் நடக்கும்போது ஆள் மாற்றியும் இடைநிறுத்தம் கேட்டும் அணியை நடத்துபவர். அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் இவர் ஒரு கிளப்போடு சில ஆண்டு ஒப்பந்தத்தில் இருப்பவர். தொடர்ந்து தோற்றால் பருவத்தின் நடுவிலேயே வேலை போய்விடும். தமிழ்நாட்டில் கோச் என்றால் பெரும்பாலும் பள்ளி, கல்லூரி, விளையாட்டு ஆணையம், ரயில்வே, வங்கி, காவல்துறை இவற்றுள் ஏதோ ஒன்றின் சம்பளப் பட்டியலில் பெயர் உள்ளவர். இதை வைத்தே இங்கே தொழில்முறைப் பயிற்றுநர் என ஒருவரும் இல்லை என்று சொல்லிவிடுகிறார்கள். இந்தத் தொழிலின் வரலாறு வேறு விதமாகப் பேசுகிறது. அந்தச் சம்பளப் பட்டியல்தான் ஆட்டத்தைச் சிற்றூர்கள் வரை கொண்டுசேர்த்தது. குறை அதற்கு மேலே இருக்கிறது: ஏறிப் போகப் படிகள் இல்லை.

இந்த ஆட்டம் பிறந்ததே ஒரு சம்பளக்கார ஆசிரியரிடத்தில். 1891-இல் அமெரிக்காவின் ஸ்பிரிங்ஃபீல்டு நகரில் ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளியில் உடற்கல்வி கற்பித்த ஜேம்ஸ் நெய்ஸ்மித், குளிர்காலத்தில் மாணவர்கள் கூரைக்குள் ஆடுவதற்காக இதை வகுத்தார். சில ஆண்டுகளிலேயே ஒய்.எம்.சி.ஏ. ஊழியர்கள் வழியாக அது கல்கத்தாவுக்கு வந்தது. தென்னிந்தியாவில் அது வேரூன்றக் காரணம் ஹாரி குரோ பக். ஸ்பிரிங்ஃபீல்டில் பயின்ற அவர் 1920-இல் சென்னையில் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியைத் தொடங்கினார். இங்கே கவனிக்க வேண்டியது, பக் கிளப் எதையும் நிறுவவில்லை என்பது. ஆசிரியர்களைத் தயார்செய்யும் கல்லூரியைத்தான் நிறுவினார். அங்கே படித்தவர்கள் ஊர் ஊராக உடற்கல்வி ஆசிரியர்களாகப் போனார்கள். கூடைப்பந்தும் அவர்களோடு போயிற்று. 1961-இல் பட்டியாலாவில் தேசிய விளையாட்டு நிறுவனம் வந்த பிறகு, ஒரே விளையாட்டில் ஓராண்டு பட்டயம் பெற்றவரைத் தனியாகப் பயிற்றுநர் என்று அழைக்கும் வழக்கம் உறுதிப்பட்டது. அந்தப் பட்டயம்தான் இன்றும் அரசுப் பணிக்கு முக்கியமான கடவுச்சீட்டு.

திருவண்ணாமலை போன்ற ஊரிலிருந்து பார்த்தால் இந்த அமைப்பின் பலமும் பலவீனமும் ஒருசேரத் தெரியும். 1989-இல் வட ஆற்காடு மாவட்டத்திலிருந்து பிரிந்து உருவான தனி மாவட்டத்தின் தலைநகரான இவ்வூர், அண்ணாமலையார் கோயிலையும் கிரிவலத்தையும் சார்ந்து வாழ்வது, சுற்றிலும் வேளாண்மை. ஊருக்கு வரும் பெருங்கூட்டம் பௌர்ணமிக்கும் தீபத்துக்கும் வருவது. டிக்கெட் வாங்கி ஆட்டம் பார்க்க வருவதில்லை. கிளப் வைத்து நுழைவுக் கட்டணத்தில் பயிற்றுநருக்குச் சம்பளம் தருவது இத்தகைய ஊரில் நடக்கிற காரியமா? ஆகவே கூடைப்பந்து இங்கே பிழைத்திருப்பதானால் அது பள்ளியின் 'பி.டி. சார்' கையில்தான், அல்லது ஆணையம் நியமிக்கும் கோச் கையில்தான். பள்ளி ஆசிரியர் கைப்பந்தையும் கபடியையும் தடகளத்தையும் சேர்த்தே பார்க்க வேண்டியவர். குறுவட்டப் போட்டியில் தொடங்கி மாவட்டம், மாநிலம் என அணியை ஏற்றிச் செல்வது அவருடைய ஆண்டுக் கணக்கு. பெற்றோர் அவரிடம் கேட்பது கோப்பையை அல்ல, சான்றிதழை. பொறியியல் கலந்தாய்விலும் அரசு வேலையிலும் விளையாட்டு ஒதுக்கீடு இருப்பதால், மாநில அணியில் ஆடித் தேசியப் போட்டியில் பெறும் சான்றிதழ் ஒரு குடும்பத்தின் போக்கையே மாற்றக்கூடியது. இதை வெறும் சலுகை வேட்டை என்று இகழ்வோர் உண்டு. ஆனால் இருபத்தெட்டு மீட்டர் சிமென்ட் தளத்தில் காலையும் மாலையும் பிள்ளைகள் வந்து நிற்பதற்கு அந்தச் சான்றிதழ் பெரியதொரு காரணம் என்பதை ஒதுக்கிவிட்டு இந்தத் தொழிலைப் பற்றிப் பேச முடியாது.

அடுத்த கட்டத்தை நிறுவன அணிகள் தருகின்றன. தெற்கு ரயில்வே, ஐ.சி.எஃப். எனும் இணைப்புப் பெட்டித் தொழிற்சாலை, இந்தியன் ஓவர்சீஸ் வங்கி, தமிழ்நாடு காவல்துறை ஆகியவை ஆட்டக்காரர்களை வேலைக்கு எடுத்து அணி நடத்துகின்றன. இந்தியப் பெண்கள் அணியின் மிகச் சிறந்த ஆட்டக்காரர்களில் ஒருவரான கீத்து அன்னா ஜோஸும், நீண்ட காலம் இந்திய அணியில் ஆடி, தலைமையும் ஏற்று, 2021-இல் பத்மஸ்ரீ பெற்ற அனிதா பால்துரையும் தெற்கு ரயில்வே ஊழியர்களாக ஆடியவர்கள். ஆடும் வயது முடிந்தவர் அதே நிறுவனத்தில் பயிற்றுநராகத் தொடர்வது வழக்கம். வேலை பாதுகாப்பானது, தோற்றாலும் மாதச் சம்பளம் வரும். ஆனால் எல்லா அணிகளும் சென்னையிலும் ஒருசில பெருநகரங்களிலும் இருப்பதால், சிறு மாவட்டத்துப் பயிற்றுநர் வளர்த்த பிள்ளை பதினைந்து வயதில் விளையாட்டு விடுதிக்கோ சென்னைப் பள்ளிக்கோ போய்விடுவான். வளர்த்தவர் பெயர் எந்த ஏட்டிலும் ஏறாது.

மாதச் சம்பளக்காரர் தொழில்முறைப் பயிற்றுநர் ஆகமாட்டார் என்பது இந்தச் சம்பள அமைப்புக்கு எதிரான முதல் மறுப்பு. பெரும் பயிற்றுநர்களின் வாழ்க்கையே இதற்குப் பதில். கலிஃபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சலிஸ் அணிக்குப் பத்துத் தேசியப் பட்டங்கள் வாங்கித் தந்த ஜான் வுடன், அதற்கு முன் உயர்நிலைப் பள்ளியில் ஆங்கில ஆசிரியராக இருந்துகொண்டு அணி பழக்கியவர். சான் அன்டோனியோ ஸ்பர்ஸ் அணியை 1996 முதல் 2025 வரை நடத்தி ஐந்து முறை பட்டம் வென்ற கிரெக் பாப்போவிச், அமெரிக்க விமானப்படைக் கல்விக்கழகத்தில் உதவிப் பயிற்றுநராகத் தொடங்கி, விளையாட்டுக்கான கல்வி உதவித்தொகையே இல்லாத ஒரு சிறு கல்லூரியில் ஆண்டுக்கணக்கில் உழைத்தவர். அங்கும் அடிப்படி பள்ளியும் அரசுச் சம்பளமும்தான். வித்தியாசம், அந்தப் படியிலிருந்து மேலே ஏற வழி இருந்ததில் இருக்கிறது.

இரண்டாவது மறுப்பு இன்னும் வலுவானது: உள்ளூர் அமைப்பு தேசிய அளவில் பயன் தரவில்லை, வெளிநாட்டுப் பயிற்றுநர் வந்த பிறகுதான் இந்தியா நிமிர்ந்தது. அமெரிக்கத் தொழில்முறை லீக்கான என்.பி.ஏ.வில் பணியாற்றிய கென்னி நாட் 2011-இல் வந்தார். 2012-இல் ஸ்காட் ஃபிளெமிங் வந்தார். ஃபிளெமிங் காலத்தில், 2014 ஜூலையில் வூஹான் நகரில் நடந்த ஆசியக் கோப்பையில் இந்தியா சீனாவை 65–58 என வீழ்த்தியது. இந்தச் சாதனையை யாரும் குறைத்துப் பேச முடியாது. தற்காப்பு ஒழுங்கையும் ஆட்டத் திட்டத்தையும் அவர் கொண்டுவந்தார். ஆனால் அவர் கைக்கு வந்த ஆட்டக்காரர்கள் அடிப்படையை எங்கே கற்றார்கள்? பள்ளித் தளங்களிலும் மாநில அகாடமிகளிலும் நிறுவன அணிகளிலும். 2015-இல் என்.பி.ஏ. ஆட்டக்காரர் தேர்வில் டல்லஸ் மாவரிக்ஸ் அணி 52-ஆவதாக எடுத்த சத்னம் சிங்கின் கதையும் அப்படித்தான். அவரைச் சிறுவனாகப் பழக்கிய லூதியானா அகாடமியின் மூத்த பயிற்றுநர் சங்கரன் சுப்பிரமணியன். உச்சியில் அமர்த்தப்படுபவர் இரண்டு மூன்று ஆண்டில் மாறிவிடுகிறார். அடியில் இருப்பவர் இருபது ஆண்டு நிற்கிறார். இருவரும் வேண்டும் என்பது சரி. முதலாமவரை வரவழைக்கக் காட்டிய அக்கறை இரண்டாமவருக்கு மேற்பயிற்சி தருவதில் காட்டப்படவில்லை என்பதே குற்றச்சாட்டு.

இனி லீக் வந்துவிட்டது, எல்லாம் மாறும் என்பது மூன்றாவது வாதம். 2015-இல் தொடங்கிய யு.பி.ஏ. லீக்கில் சென்னை ஸ்லாம் என்ற அணி ஆடியது. அந்த லீக் சில பருவங்களோடு நின்றது. 2022-இல் வந்த ஐ.என்.பி.எல். சென்னை ஹீட் என்ற அணியைத் தந்தது. ஆண்டில் சில வாரம் நடக்கும் போட்டி ஒருவருக்குப் பெயரும் கொஞ்சம் பணமும் தரும். அதை நம்பி அவர் அரசு வேலையை விடமாட்டார், விடவும் கூடாது. லீக்கை விட நிலையானவை ஊர்ப் போட்டிகள். தேனி மாவட்டத்துப் பெரியகுளத்தில் சில்வர் ஜூபிலி ஸ்போர்ட்ஸ் கிளப் பல பத்தாண்டுகளாகக் கோடைதோறும் அகில இந்தியப் போட்டி நடத்துகிறது. பெரியகுளம் செய்வதைத் திருவண்ணாமலை செய்ய முடியாது என்பதற்கு எந்தக் காரணமும் இல்லை. ஊர்ப் பிள்ளைகள் நிறுவன அணிகளின் ஆட்டத்தை நேரில் பார்ப்பார்கள். உள்ளூர்ப் பயிற்றுநர் மற்ற அணிகளின் பயிற்றுநர்களோடு பேசுவார்.

ஏறிப் போகப் படிகள் வேண்டுமானால், மாவட்டப் பயிற்றுநர் ஐந்தாண்டுக்கு ஒருமுறை மாநில அணியின் உதவிப் பயிற்றுநராக அமர்வதும், தேசிய முகாமுக்குப் போய்வருவதும், அவர் வளர்த்த ஆட்டக்காரர் இந்திய அணியில் சேரும்போது அவர் பெயரும் பதிவாவதும் விதியாக வேண்டும். ஓராண்டு மதிப்பூதியத்தில் அமர்த்தி மறு ஆண்டு கலைக்கப்படும் கோச்சால் பத்து வயதுப் பிள்ளையைப் பதினெட்டு வயது ஆட்டக்காரனாக ஆக்க முடியாது. நிரந்தரப் பணியிடம்தான் முதல் தேவை. லீக் அதற்குப் பிறகு.