ஷிஃராவின் இறைவன்: ஒரு விண்மீனும் அதன் காணாத் துணையும்

ஸூரத்துந் நஜ்மின் 49ஆம் வசனம் பாடத்தில் வரும்போதெல்லாம் மாணவர்களில் யாரேனும் ஒருவர் கையை உயர்த்துவார். ஷிஃரா என்னும் விண்மீனின் இறைவனும் அல்லாஹ்வே என்று அவ்வசனம் அறிவிக்கின்றது. வானில் எத்தனையோ விண்மீன்கள் இருக்க, இதன் பெயரை மட்டும் சுட்டிச் சொல்வது ஏன் என்பதே கேள்வி.

பல ஆண்டுகளுக்கு முன் நாம் இதற்கு ஒரு துண்டுப் பிரசுரத்தை நம்பி விடை சொன்னோம். சிரியஸ் என்று இன்று அழைக்கப்படும் ஷிஃரா உண்மையில் இரட்டை விண்மீன். அவ்விரண்டும் ஒன்றையொன்று சுற்றிவர 49.9 ஆண்டுகள் ஆகின்றன. அதே அத்தியாயத்தில் 49ஆம் வசனம் ஷிஃராவைப் பேசுகின்றது. 9ஆம் வசனம் இரு வில்லளவு நெருக்கத்தைப் பேசுகின்றது. இரண்டு எண்களையும் சேர்த்தால் 49.9! வகுப்பே ‘ஸுப்ஹானல்லாஹ்’ என்றது. நமக்கும் பெருமையாக இருந்தது.

அன்று அவ்வகுப்பில் இருந்த மாணவர் ஒருவர் இப்போது கல்லூரியில் இயற்பியல் பயில்கின்றார். ரமளான் விடுமுறையில் நம்மைக் காண வந்தவர் தயங்கித் தயங்கிக் கேட்டார்: “உஸ்தாத், எங்கள் பாடநூலில் அந்தச் சுற்றுக்காலம் 50.1 ஆண்டுகள் என்று இருக்கிறது. நீங்கள் சொன்ன கணக்கு எங்கிருந்து வந்தது?” நம்மிடம் விடை இல்லை. அதன் பிறகு தேடிப் படித்தவற்றையே இங்கு எழுதுகின்றோம்.

முதற்கண், கேள்விக்கு உரிய விடையைத் தஃப்ஸீர் ஆசிரியர்கள் எப்போதோ தந்துவிட்டனர். அறியாமைக் காலத்து அரபியரில் ஒரு சாரார், குறிப்பாகக் குஸாஆ கோத்திரத்தார், ஷிஃராவை வணங்கினர். குறைஷியரின் சிலைகளை விட்டு விலகி இவ்வணக்கத்தைத் தொடங்கியவர் அபூகப்ஷா என்று கூறப்படுகின்றது. மக்காவாசிகள் நபி (ஸல்) அவர்களை ‘அபூகப்ஷாவின் மகன்’ என்று இகழ்ந்தமைக்கு அறிஞர்கள் கூறும் காரணங்களுள் இதுவும் ஒன்று. முன்னோரின் வழியை அவர் விட்டார், இவரும் விட்டார் என்பது அவர்களின் ஏளனம். ரோமப் பேரரசர் ஹிரக்லின் அவையிலிருந்து வெளியே வந்தபோது, அப்போது இஸ்லாத்தை ஏற்றிராத அபூஸுஃப்யான் அதே பெயரால் குறிப்பிட்டதை ஸஹீஹுல் புகாரியில் காணலாம். அந்த மக்களிடம்தான், நீங்கள் வணங்கும் ஷிஃராவுக்கும் ஓர் இறைவன் இருக்கின்றான் என்று கூறப்பட்டது. அவ்வசனம் அன்று யாரைத் தைத்தது என்பதை இது விளக்கிவிடுகின்றது. இதற்கு மேல் ஒரு கணக்குப் புதிர் தேவைப்படவில்லை.

அரபியர் இரண்டு ஷிஃராக்களை அறிந்திருந்தனர். இரவு வானில் யாவற்றினும் ஒளிமிக்கது யமன் திசை ஷிஃரா. மற்றொன்று ஷாம் திசை ஷிஃரா. பின்னதற்கு இன்றைய பெயர் புரோசியான். இருவரும் சுஹைலின் சகோதரிகள் என்பது பழங்கதை. சுஹைல் தெற்கே ஓடிப்போக, ஒருத்தி பால்வீதியைக் கடந்து அவனைப் பின்தொடர்ந்தாள். அதனால் அவள் ‘அபூர்’, கடந்து சென்றவள். கடக்க இயலாத மற்றவள் அழுதழுது கண் பீளை தள்ளினாள், அதனால் ‘குமைஸா’. ஹிஜ்ரி மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் ரய் நகரில் பிறந்த அப்துர் ரஹ்மான் அஸ்ஸூஃபி, கி.பி. 964 அளவில் இயற்றிய விண்மீன் நூலில், தாலமியின் பட்டியலைத் தம் கண்ணால் பார்த்துச் சரிபார்த்ததோடு இத்தகைய அரபுப் பெயர்களையும் தொகுத்து வைத்தார். பெரியவர் எழுதினார் என்பதற்காக அவர் அப்படியே படியெடுக்கவில்லை. எந்த விண்மீன் எவ்வளவு ஒளியுடையது என்பதைத் தாமே மதிப்பிட்டு, தாலமியோடு மாறுபட்ட இடங்களையும் பதிந்தார். துண்டுப் பிரசுரத்தை அப்படியே வகுப்பில் ஒப்பித்த நாம் இதைப் படித்தபோது சற்று வெட்கினோம்.

இனி, அந்த இரட்டையின் வரலாறு. ஜெர்மானிய வானியலாளர் பெஸ்ஸல், கோனிக்ஸ்பெர்க் ஆய்வகத்தில் சிரியஸின் இருப்பிடத்தை ஆண்டுக்கணக்கில் அளந்துவந்தார். விண்மீன்களும் மிக மெதுவாக இடம்பெயர்கின்றன என்பதை 1718இல் ஹாலி அறிவித்திருந்தார். அவர் காட்டிய சான்றுகளுள் சிரியஸும் ஒன்று. ஆனால் பெஸ்ஸல் கண்ட பாதை நேர்கோடாக இல்லை; நெளிந்து நெளிந்து சென்றது. இருளில் ஒருவர் விளக்கேந்தி நடக்கும்போது அவ்வொளி இப்புறமும் அப்புறமும் சாய்ந்து சென்றால், கண்ணுக்குத் தெரியாத யாரோ அவர் கையைப் பிடித்து இழுக்கின்றார் என்று ஊகிக்கலாம் அல்லவா? 1844இல் பெஸ்ஸல் அதையே கூறினார்: சிரியஸுக்குக் காணப்படாத ஒரு துணை உண்டு, புரோசியானுக்கும் உண்டு. அரபியர் சகோதரிகள் என்று இணைத்துப் பேசிய அதே இரண்டு விண்மீன்கள்! இதிலும் ஒரு புதிரைக் கட்டிவிட யாரேனும் முனையலாம், நாம் முனையவில்லை.

பெஸ்ஸல் 1846இல் இறந்தார். 1862 ஜனவரி 31 அன்று, அமெரிக்காவில் தொலைநோக்கி செய்யும் கிளார்க் குடும்பத்தின் இளையவர் ஆல்வன் கிரகாம் கிளார்க், புதிதாகத் தீட்டிய 18.5 அங்குல வில்லையைச் சோதிக்கச் சிரியஸை நோக்கியபோது, அதனருகே மங்கலான ஒரு புள்ளியைக் கண்டார். அதுவே அத்துணை. புரோசியானின் துணை 1896இல்தான் தென்பட்டது.

1915இல் வால்டர் ஆடம்ஸ் சிரியஸின் துணையுடைய ஒளியைப் பகுத்தபோது வியப்பு கூடியது. மங்கலாக இருந்தும் அது மிகச் சூடானது. ஆகவே மிகச் சிறியதாக இருத்தல் வேண்டும். ஏறத்தாழச் சூரியனின் நிறை, ஏறத்தாழப் பூமியின் அளவுக்குள் அடங்கிக் கிடக்கின்றது. அதன் பொருளில் ஒரு தேக்கரண்டியளவு பல டன் எடை இருக்கும். எரிபொருள் தீர்ந்து சுருங்கிய இத்தகைய விண்மீனை வெண்குறளி என்பர். இவ்விரட்டை நம்மிடமிருந்து 8.6 ஒளியாண்டுத் தொலைவில் உள்ளது. விண்மீன்களின் கணக்கில் இது அண்டைவீடு.

அவை ஒன்றையொன்று சுற்றிவர ஆகும் காலம் 50.1 ஆண்டுகள். மாணவர் சொன்னதே சரி. இன்னொன்றையும் மதனீ மரபு முஸ்ஹஃபைப் புரட்டியபோது அறிந்தோம். வசனங்களை எண்ணும் முறையில் முன்னோரிடையே பல வழக்குகள் உண்டு. நாம் ஓதும் பிரதியில் கூஃபா வழக்கின்படி ஸூரத்துந் நஜ்மில் 62 வசனங்கள்; மதீனா வழக்கில் 61. நமது பிரதியில் 28ஆம் வசனம் முடியும் இடத்தை அவர்கள் முடிவாகக் கொள்வதில்லை. எனவே வர்ஷ் ஓதல் முறைப்படி அச்சிட்ட முஸ்ஹஃபைக் கையில் வைத்திருக்கும் மொராக்கோ நாட்டுச் சிறுவனுக்கு ஷிஃரா வசனம் 49 அன்று, 48. அவனிடம் அப்பிரசுரத்தை என்னவென்று விளக்குவது? அந்த 28ஆம் வசனம் பேசுவதோ, ஊகம் உண்மைக்கு ஈடாகாது என்பதைப் பற்றி.

அம்மாணவரை அழைத்துவந்து, இப்போதைய வகுப்பின் முன் அவரையே விளக்கச் சொன்னோம். முன்பு தவறாகச் சொன்னது நாமே என்பதையும் சொன்னோம். பிள்ளைகள் அதற்காக நம்மைக் குறைத்து எண்ணியதாகத் தெரியவில்லை. எப்போது பார்க்கலாம் என்பதில்தான் அவர்களுக்கு அவசரம்.

ஜனவரி முதல் ஏப்ரல் தொடக்கம் வரை இஷா தொழுது வெளியே வந்தால் போதும். ஒரே வரிசையில் அடுத்தடுத்து நிற்கும் மூன்று விண்மீன்களைப் பிடியுங்கள். அவ்வரிசையைத் தென்கிழக்காக நீட்டினால் வெண்ணீலமாய்ச் சுடரும் ஷிஃரா வரும். அதற்கு வடகிழக்கே மங்கியது அதன் சகோதரி. தெற்கே தாழ்வாக நிற்பது சுஹைல். ஊர் விளக்குகள் அணைந்த இரவானால் இரு சகோதரிகளுக்கும் நடுவே பால்வீதி ஓடுவதும் தெரியும். துணை விண்மீன் மட்டும் வெறுங்கண்ணுக்குத் தெரியாது.