அல்லைப்பிட்டி: மணலில் எழுதிய வரலாறு

யாழ்ப்பாணக் கோட்டையின் அருகிலிருந்து பண்ணைத் தாம்போதி வழியாக மேற்கே செல்வோர் இருமருங்கிலும் ஆழங்குறைந்த பரவைக்கடலைக் காண்பர். கடல் கடந்து கரையேறியதும் மண்டைதீவுக்கு ஒரு வழி பிரிகின்றது. நேரே செல்லும் பெருவழியில் முதலில் எதிர்ப்படும் ஊர் அல்லைப்பிட்டி. வேலணைத் தீவின் கிழக்கு ஓரத்தில் அமைந்த சிற்றூர் இது. அடுத்து மண்கும்பான், அதற்கப்பால் வேலணை, சரவணை, நாரந்தனை, கரம்பன், மேற்குக் கோடியில் ஊர்காவற்றுறை. 1658ஆம் ஆண்டிலே யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றிய ஒல்லாந்தர் இத்தீவுகளுக்குத் தம் நாட்டு நகரங்களின் பெயரைச் சூட்டினர். நெடுந்தீவு டெல்ஃப்ட் ஆயிற்று; வேலணைத் தீவு லைடன் ஆயிற்று. ஆவணங்களிலே அப்பெயர்கள் ஏறின. மக்கள் நாவிலோ பழைய பெயர்களே நிலைத்தன.

பிட்டி என்பது மேட்டு நிலம். தட்டையான இத்தீவிலே மேடு என்பது பெரும்பாலும் மணல்மேடுதான். நீருக்கும் நினைவுக்கும் அந்த மணலே காப்பு என்பதை முதலில் உணர்தல் வேண்டும்.

நீரைப் பார்ப்போம். தீவில் ஆறு இல்லை, மலை இல்லை. ஐப்பசி தொடங்கி மார்கழி வரை பெய்யும் மாரி மழையே ஆண்டு முழுவதற்கும் முதல். அம்மழை மணலூடே இறங்கி, கீழேயுள்ள உவர்நீரின் மேல் மெல்லிய வில்லைபோல மிதந்து நிற்கின்றது. நன்னீர் உவர்நீரைவிட இலேசானது. ஆதலால் கடல்மட்டத்துக்கு மேலே ஓரடி உயரத்துக்கு நன்னீர் நின்றால், கீழே ஏறக்குறைய 40 அடி ஆழத்துக்கு நன்னீர் தங்கும். இந்த விதியை நூல்களிலே எழுதியவர்கள் ஒல்லாந்தரான கைபனும் ஜெர்மானியரான ஹெர்ஸ்பேர்க்கும் ஆவர். துலாவால் அளவறிந்து இறைத்து, கிணறு ஊறும்வரை காத்திருந்த தீவுப் பெண்ணும் கமக்காரனும் தம் அனுபவத்தால் இதனை அறிந்தேயிருந்தனர். மேட்டில் ஓரடி குறைந்தால் கிணற்றிலே பன்மடங்கு குறையும் என்பதே இதன் பொருள்.

இனி, நினைவைப் பார்ப்போம். 1970களின் பிற்பகுதியில் தொல்லியலாளர் ஜோன் கார்ஸ்வெல் அல்லைப்பிட்டியின் மண்ணுக்குள் கிடந்த சீன மட்கலங்களின் தொகுதி ஒன்றை ஆராய்ந்து உலகுக்கு அறிவித்தார். கிண்ணங்கள், தட்டுகள், பண்டங்களை அடைத்து வந்த சாடிகள் எனப் பலவகைக் கலங்களின் துண்டுகள் அங்கே கிடைத்தன. அவை வட சுங் அரசர் காலத்தவை. 2018ஆம் ஆண்டிலே ஷாங்காய் அருங்காட்சியகத்தினரும் இலங்கை மத்திய கலாசார நிதியத்தினரும் இணைந்து இவ்வூரில் மீண்டும் அகழ்ந்தபோது, நூற்றுக்கணக்கான துண்டுகள் வெளிப்பட்டன. அவற்றிற் பெரும்பாலானவை தென்சீனத்துக் குவாங்தொங் மாகாணச் சூளைகளில் வெந்தவை; பதினோராம் நூற்றாண்டின் பிற்பாதியைச் சார்ந்தவை.

அக்காலத்தின் தன்மை யாது? 1015, 1033, 1077 ஆகிய ஆண்டுகளில் சோழ அரசின் தூதுக்குழுக்கள் சீன அரசவைக்குச் சென்றன. இலங்கையிலே சோழர் ஆட்சி 1070ஆம் ஆண்டளவில் முடிவுற்றது. ஆட்சி மாறியபோதும் கடல்வழி அறுந்துவிடவில்லை. அதற்குச் சான்று அயலிலேயே உண்டு. நயினாதீவு நாகபூசணி அம்மன் கோயிலிலுள்ள தமிழ்க் கல்வெட்டு, பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஆண்ட முதலாம் பராக்கிரமபாகுவின் ஆணையைக் கூறுகின்றது. வரலாற்றறிஞர் கா. இந்திரபாலா 1963ஆம் ஆண்டிலே அதனைப் பதிப்பித்தார். பரதேசிகள் ஊராத்துறைக்கு வந்து சேரவேண்டும். அவர்களுக்குக் காவல் அளிக்கப்படும். யானை, குதிரை ஏற்றி வரும் கலம் உடைந்தால் காற்பங்கு அரசுக்கு, முக்காற்பங்கு உடையவனுக்கு. வாணிகப் பண்டம் ஏற்றிய கலம் உடைந்தால் பாதிக்குப் பாதி. ஊராத்துறை என்பது இன்றைய ஊர்காவற்றுறையே. சிங்கள மன்னன் ஒருவன், பிறநாட்டு வணிகரை நோக்கி, தமிழ் மொழியிலே வெளியிட்ட ஆணை இது. மொழியின் பெயரால் மக்களைப் பிரித்து அரசியல் நடத்தியோர் ஊன்றிப் படித்திருக்கவேண்டிய கல் இதுவன்றோ!

ஆனால், கல்வெட்டு மன்னனையும் வணிகனையுமே பேசுகின்றது. மட்கலத்தைச் சுட்ட குயவன், பாய்மரத்தைப் பற்றி நின்ற மாலுமி, கழுத்தளவு நீரிலே இறங்கிச் சாடியைத் தோளில் ஏற்றிக் கரைசேர்த்த கூலியாள் ஆகியோரைப் பற்றி அதில் ஒரு வரியும் இல்லை. அவர்கள் உழைப்புக்கு எஞ்சி நிற்கும் சாட்சியம் அந்த உடைந்த ஓடுகள் மட்டுமே. அவற்றைக் காத்து வைத்தது மணல்.

அண்மைக்கால வரலாறு குருதியால் நனைந்தது. 1990ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில் இராணுவம் தீவுப்பகுதியில் இறங்கியபோது, மக்கள் ஊரைவிட்டு ஓடினர். பிடிக்கப்பட்ட இளைஞர் பலர் திரும்பவேயில்லை. 2006ஆம் ஆண்டு மே 13ஆம் திகதி இரவில் தீவுப்பகுதியில் 13 பொதுமக்கள் கொல்லப்பட்டனர். அல்லைப்பிட்டியில் மாண்டோருள் பச்சைக் குழந்தையும் ஒன்று. கொலைகள் நடந்த இடங்களிலே கடற்படையினர் இருந்ததாக நம்பத்தகுந்த தகவல் கிடைத்ததென்று சர்வதேச மன்னிப்புச் சபை அறிவித்தது. கடற்படை அதனை மறுத்தது. அதே ஆண்டு ஆகஸ்டிலே, புனித பிலிப் நேரியார் தேவாலயத்தில் தஞ்சம் புகுந்த மக்கள்மீது எறிகணைகள் வீழ்ந்தன. உயிர்தப்பியோரை ஊர்காவற்றுறைக்கு அழைத்துச் சென்ற பங்குத்தந்தை ஜிம் பிரவுண் அடிகளார், ஆகஸ்டு 20ஆம் திகதி தம் துணைவர் ஒருவருடன் காணாமற்போனார். இருவரும் இன்றுவரை மீளவில்லை.

ஒருகாலத்தில் உலகம் கலமேறி இவ்வூருக்கு வந்தது. போர்க்காலத்தில் ஊரவர் உலகெங்கும் சிதறினர். இங்கே பிறந்த எழுத்தாளர் சோபாசக்தி பிரான்சுக்குச் சென்று எழுதிய நாவல்கள் அச்சிதறலின் இலக்கியப் பதிவுகள். அவர் நடித்த ‘தீபன்’ திரைப்படம் 2015ஆம் ஆண்டிலே கான் திரைப்பட விழாவின் தலையாய விருதைப் பெற்றது.

போர் 2009இல் முடிந்தது. ஊர் திரும்பியோருக்கு வீடு வேண்டும். வீட்டுக்கு மணல் வேண்டும். தேவை நியாயமானதே. ஆயின், அத்தேவையைக் காட்டிக்கொண்டு அல்லைப்பிட்டி, மண்கும்பான் மணலை உழவு இயந்திரங்களிலும் பாரவூர்திகளிலும் அள்ளி விற்போரின் இலாபம் நியாயமானதன்று. அள்ளப்படும் ஒவ்வொரு பாரத்தோடும் நன்னீரின் இருப்பிடம் தாழ்கின்றது, உவர் ஏறுகின்றது. அதே பாரத்தோடு, எந்த நூலகத்திலும் பிரதி இல்லாத ஏடுகளான அந்த மட்கலத் துண்டுகளும் சீமெந்துக் கலவைக்குள் சென்று மறைகின்றன. இலாபம் ஒருவனுக்கு, நட்டம் ஊருக்கும் வருங்காலத்துக்கும்.

செய்யவேண்டியவை தெளிவானவை. வேலணைப் பிரதேச சபை, தொல்லியல் திணைக்களம், மணல் அனுமதி வழங்கும் பணியகம் ஆகிய மூன்றும் ஒன்றுகூடி, அகழக்கூடாத மேடுகளை அளந்து எல்லை வகுக்கவேண்டும். வீடு கட்டும் ஏழைக்கு வேறிடத்து மணலை நியாய விலையில் வழங்க வேண்டும். கிணறுகளின் உவர்ப்பைப் பருவந்தோறும் அளந்து, அளவை ஊரறிய எழுதி ஒட்டவேண்டும். கண்டெடுத்த ஓடுகளிற் சிலவற்றையேனும் ஊர்ப் பள்ளிக்கூடத்திலே மாணவர் காண வைக்கவேண்டும். தன் காலடி மணலின் விலையை அறிந்த பிள்ளை, நாளை அதனை அள்ள வருபவனிடம் கணக்குக் கேட்கும்.