மாத்தளைக் காணியும் அதிகாரிகளின் கோப்பித் தோட்டங்களும்

வணிகச் சலுகைகளைக் கொண்டு பிரித்தானியர் ஆட்சியைக் கட்டியெழுப்பிய முறை இலங்கையின் மாத்தளைப் பகுதி வரலாற்றில் தெளிவாகத் துலங்குகிறது. பல்லேபொல முதலான கிராமங்கள் அடங்கிய இப்பகுதியில், மக்கள் தாழ்நிலத்தில் நெல் விளைவித்ததோடு, காட்டை வெட்டி எரித்து ஓரிரு போகம் விதைத்தபின் பல ஆண்டுகள் தரிசாக விடும் சேனைப் பயிர்ச்செய்கையையும் நம்பி வாழ்ந்தனர். காடு அவர்களுக்கு மேய்ச்சல் நிலமாகவும் விறகுக்கு இடமாகவும் இருந்தது.

பிரித்தானிய ஆட்சியின் நிருவாகத்தை ஆராய்ந்த கோல்புறூக் ஆணைக்குழுவின் பரிந்துரைகளின்படி, அரசனுக்குரிய கட்டாய ஊழியமான இராஜகாரிய முறை 1832இலும் கறுவா வணிகத்தில் அரசுக்கிருந்த தனியுரிமை அடுத்த ஆண்டிலும் ஒழிந்தன. செலவைக் குறைக்க விரும்பிய அரசு, உத்தியோகத்தரின் சம்பளத்தைக் குறைத்து ஓய்வூதியத்தையும் நிறுத்தியபோது, அந்த இழப்பை அவர்கள் கோப்பியில் ஈடுசெய்துகொள்ள இடமளித்தது. 1835இல் பிரித்தானியச் சந்தையில் மேற்கிந்தியத் தீவுகளின் கோப்பிக்கு இணையான தீர்வை கீழைத்தேயக் கோப்பிக்கும் கிடைத்ததால் தோட்டக் காணிக்கான தேவை பெருகியது. 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம், உரிமை நிறுவப்படாத காட்டையும் தரிசையும் முடிக்குரியவை என ஊகித்தது. தலைமுறைகளாகச் சேனை செய்த குடியானவரிடம் உறுதிப்பத்திரம் ஏது? ஏக்கர் ஐந்து சிலிங்குக்கு விற்கப்பட்ட முடிக்காணிகளை வாங்கியோருள் தேசாதிபதி ஸ்டூவர்ட் மக்கென்சியும், குடியேற்றச் செயலாளர் அன்ஸ்ருதரும், மகாவம்சத்தை ஆங்கிலத்தில் பெயர்த்த ஜோர்ஜ் டேர்னரும் இருந்தனர். காணியின் உரிமையைத் தீர்மானித்தவர்களே அதை வாங்கவும் செய்தனர் என்பதே இம்முறையின் ஆழ்ந்த அநீதி.

தோட்டத்தில் மூழ்கிய உத்தியோகத்தரால் நிருவாகம் நலிந்ததை உணர்ந்த இலண்டன், 1840களின் நடுப்பகுதியில் அவர்கள் தோட்டமும் வணிகமும் செய்வதைத் தடுத்து, சம்பளத்தைச் சீர்செய்து, ஓய்வூதியத்தை மீட்டளித்தது. சம்பளத்தையே நம்பிய குடிசார் சேவை இவ்வாறு உருவானது. ஆயினும் விற்ற காணி கிராமத்தாரிடம் திரும்பவில்லை.

1847இல் கோப்பி விலை சரியத் தொடங்கியதும், அரசின் பற்றாக்குறை குடியானவர் தலையில் விழுந்தது. தேசாதிபதி டொரிங்டன் துப்பாக்கிக்கும் நாய்க்கும் கடைக்கும் வரி விதித்ததோடு, ஆண்டுக்கு ஆறு நாள் வீதிவேலை செய்யவோ அதற்கீடாகப் பணம் செலுத்தவோ வற்புறுத்தியபோது, ஒழிந்த இராஜகாரியமே திரும்பியதாக மக்கள் கருதினர். 1848 ஜூலையில் கொங்காலேகொட பண்டா தம்புள்ளையில் அரசனாக முடிசூட்டப்பட, கிளர்ச்சி மாத்தளைக்குப் பரவியது. படைச்சட்டத்தின்கீழ் ஓகஸ்ட் 8ஆம் நாள் கிளர்ச்சித் தலைவர்களுள் ஒருவரான புரன் அப்பு கண்டியில் சுட்டுக்கொல்லப்பட்டார். பிரித்தானியப் பாராளுமன்றக் குழுவின் விசாரணைக்கு உள்ளான டொரிங்டன் 1850இல் பதவி இழந்தார். ஆனால், காணிகளைப் பறித்த 1840ஆம் ஆண்டுச் சட்டம் நீடித்தது. அதன் நோக்கத்தை 1897ஆம் ஆண்டின் தரிசுநிலச் சட்டம் இன்னும் வலுப்படுத்தியது.