சிகாகோ மைதானமும் சேதுக்கரையும்: 1905ஆம் ஆண்டுக் கால்பந்துப் பருவமும் அதன் தொலைதூர விளைவுகளும்

இராமநாதபுரம் சீமையையும் சிகாகோ நகரையும் இணைத்துப் பேசினால் எல்லோருக்கும் நினைவில் வருவது ஒரே நிகழ்ச்சிதான். 1893இல் அந்நகரில் கூடிய சர்வசமயப் பேரவைக்குச் செல்லும்படி விவேகானந்தரை ஊக்கி உதவியவர் இராமநாதபுரம் மன்னர் பாஸ்கர சேதுபதி. திரும்பி வந்த துறவியை 1897 ஜனவரி 26 அன்று பாம்பன் கரையில் வரவேற்றவரும் அவரே. இந்தத் தொடர்பைப் பற்றிச் சமய வரலாற்றில் நிறையவே எழுதியாயிற்று. அதே சிகாகோவிலிருந்து உடற்கல்வி வரலாற்றின் வழியாகவும் ஓர் இழை இந்தக் கரைவரை வருகிறது. அதைத் தொடர்வதே இக்கட்டுரையின் நோக்கம். அமெரிக்கக் கால்பந்து இராமநாதபுரக் கடலோரமான சேதுக்கரைக்கு வரவே இல்லை. அதைச் சூழ்ந்திருந்த கல்விக் கொள்கையும், அதே பட்டறையில் பிறந்த இரண்டு இளைய விளையாட்டுகளுமே இங்கு வந்து வேர்விட்டன என்பது என் வாதம்.

பேரவை கூடிய நாளில் சிகாகோ பல்கலைக்கழகம் வகுப்புகளைத் தொடங்கி ஏறத்தாழ ஓராண்டுதான் ஆகியிருந்தது. 1892இல் அங்கே உடற்பயிற்சித் துறைத் தலைவராகச் சேர்ந்தவர் அமோஸ் அலோன்சோ ஸ்டாக். யேல் பல்கலைக்கழகத்தில் இறையியல் படித்தவர், பாதிரியாராக வேண்டியவர். பிரசங்க மேடை தமக்கு ஒத்துவராது என்று விளையாட்டு மைதானத்தையே ஊழியக் களமாக ஆக்கிக்கொண்டார். பயிற்சியாளருக்குப் பேராசிரியர் தகுதி தந்து ஊதியம் வழங்கியது அக்காலத்தில் புதுமை. உடற்பயிற்சியும் கல்வியே என்பதைப் பல்கலைக்கழகமே ஒப்புக்கொண்டதற்கு அது சான்று.

அவர் பயிற்றுவித்த ஆட்டத்தை நம் வாசகருக்குச் சொல்வதானால், பந்தை மார்போடு அணைத்துக்கொண்டு ஆடும் சடுகுடு எனலாம். அணிக்குப் பதினொருவர். மூன்று முயற்சிகளில் ஐந்து கெஜம் முன்னேற வேண்டும். முடியாவிட்டால் பந்து எதிரணிக்கு. பந்தை முன்னோக்கி எறியக் கூடாது. ஐந்து கெஜத்துக்காக உடம்போடு உடம்பு மோத விடுவதைத் தவிர வேறு தந்திரம் அதிகம் இல்லை. தலைக்கவசம் கட்டாயமில்லை.

1905ஆம் ஆண்டுப் பருவத்தில் ஸ்டாக்கின் அணி ஆடிய ஆட்டங்கள் அனைத்திலும் வென்றது. மொத்தம் 271 புள்ளிகள் எடுத்து, கொடுத்தது 5 மட்டுமே. ஆனாலும் அந்தப் பருவத்தை வரலாற்றில் நிறுத்தியது நவம்பர் 30 அன்று, நன்றி நவிலல் நாளில் நடந்த கடைசி ஆட்டம். எதிரில் மிச்சிகன். ஃபீல்டிங் யோஸ்ட் பயிற்றுவித்த அந்த அணி 1901 முதல் 56 ஆட்டங்களில் தோல்வியே காணாதது. அந்த ஆண்டில் அதுவரை ஒரு புள்ளிகூட விட்டுக்கொடுக்காதது. மார்ஷல் ஃபீல்ட் மைதானத்தில் ஏறத்தாழ 27,000 பேர் கூடினர்.

ஆட்டம் இரு தரப்பும் பந்தை உதைத்து உதைத்து மாற்றிக்கொண்ட போராட்டமாகவே நடந்தது. இரண்டாம் பாதியில் சிகாகோவின் வால்டர் எக்கர்சால் உயரமாக உதைத்த பந்தை மிச்சிகனின் டெனிசன் கிளார்க் தன் அணியின் இலக்குக் கோட்டுக்குப் பின்னால் பிடித்தார். அங்கேயே நின்றிருக்கலாம். வெளியே ஓட முயன்றார். சிகாகோ ஆட்டக்காரர்கள் அவரைப் பிடித்துக் கோட்டுக்குப் பின்னால் தள்ளிச் சென்றார்கள். அதற்குக் கிடைத்த இரண்டு புள்ளிகளே ஆட்டத்தின் மொத்தக் கணக்கு: 2–0. ஐந்தாண்டு வெற்றி வரலாறு அந்த ஒரு நொடியில் முடிந்தது. பழி முழுவதும் கிளார்க்கின் தலையில் விழுந்தது. 1932இல் அவர் தற்கொலை செய்துகொண்டபோதும் நாளிதழ்கள் அந்த ஆட்டத்தையே நினைவுகூர்ந்தன. கதாநாயகன் எக்கர்சாலோ பட்டம் பெறாமலே கல்லூரியை விட்டு வெளியேறினார். மைதானம் நல்லொழுக்கம் கற்பிக்கும் என்ற ஸ்டாக்கின் போதனைக்கும் மைதானத்தில் நடந்ததற்கும் இருந்த இடைவெளியை இவ்விரு வாழ்க்கைகளும் காட்டிவிடுகின்றன.

அந்தப் பருவத்துக்கு இன்னொரு கணக்கும் உண்டு. நாடு முழுவதும் அவ்வாண்டு கால்பந்தில் மாண்டவர்கள் 18 பேர் என்று சிகாகோ ட்ரிப்யூன் நாளிதழ் எண்ணிக் காட்டியது. குடியரசுத் தலைவர் தியோடர் ரூஸ்வெல்ட் அக்டோபரிலேயே ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் பல்கலைக்கழகங்களின் பிரதிநிதிகளை வெள்ளை மாளிகைக்கு அழைத்துப் பேசியிருந்தார். நவம்பரில் நியூயார்க்கில் மேலும் ஒரு மாணவர் மைதானத்தில் அடிபட்டு இறந்ததும் கல்லூரிகள் கூடி விதிகளைத் திருத்தின. 1906 முதல் பந்தை முன்னோக்கி எறியலாம். ஐந்து கெஜம் பத்தாயிற்று. கொலம்பியா பல்கலைக்கழகம் ஆட்டத்தையே கைவிட்டது. ஸ்டான்ஃபோர்டும் கலிபோர்னியாவும் ரக்பிக்கு மாறின. சிகாகோவும் 1939இல் கால்பந்தைக் கைவிட்டது.

இனி இழையைப் பின்னோக்கிப் பிடிப்போம். சிகாகோவுக்கு வருமுன் ஸ்டாக் மாசசூசெட்ஸ் மாநிலம் ஸ்பிரிங்ஃபீல்டில் இருந்த ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளியில் கால்பந்து அணியை உருவாக்கினார். அந்த அணியின் நடு ஆட்டக்காரர் ஜேம்ஸ் நெய்ஸ்மித். இலையுதிர்காலக் கால்பந்துக்கும் வசந்தகால பேஸ்பாலுக்கும் இடையில் குளிர்காலம் முழுதும் மாணவர்கள் கூடத்துக்குள் சலித்துக் கிடந்தார்கள். அவர்களுக்காக ஓர் ஆட்டம் கண்டுபிடிக்கும்படி துறைத் தலைவர் லூதர் குலிக் பணித்தார். 1891 டிசம்பரில் நெய்ஸ்மித் பீச் பழக் கூடைகளை மாட்டிக் கூடைப்பந்தைத் தொடங்கினார். பந்தோடு ஓடக் கூடாது, இடிக்கக் கூடாது என்ற அதன் விதிகள், கால்பந்தின் குணங்களைத் தெரிந்தே விலக்கியவை. 1892 மார்ச்சில் நடந்த முதல் பொது ஆட்டத்தில் ஆசிரியர் அணியின் ஒரே கூடையைப் போட்டவர் ஸ்டாக்! அதே பள்ளியில் படித்த வில்லியம் மார்கன், கூடைப்பந்தும் கடினமாக இருக்கிறது என்ற நடுவயது வணிகர்களுக்காக 1895இல் கைப்பந்தை அமைத்தார். மோதல் படிப்படியாகக் குறைந்ததைக் கவனியுங்கள். கைப்பந்தில் இரு அணிகளுக்கும் நடுவே வலையே வந்துவிட்டது.

இந்த ஸ்பிரிங்ஃபீல்டில் படித்த ஹாரி க்ரோ பக் 1919இல் சென்னைக்கு வந்தார். மறு ஆண்டே ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விப் பள்ளியைத் தொடங்கினார். ஆசியாவில் முதலாவது என்று போற்றப்படும் அது பின்னர் கல்லூரியாகிச் சைதாப்பேட்டையில் வளர்ந்தது. 1924 பாரிஸ் ஒலிம்பிக்குக்கு இந்திய அணியை அழைத்துச் சென்றவரும் பக் தான். 1943இல் இறக்கும்வரை அவர் செய்த பெரிய வேலை, ‘டிரில் மாஸ்டர்’ என்ற பட்டாளத்துச் சாயல் கொண்ட ஆளை ‘பி.டி. வாத்தியாராக’ மாற்றியது. கவாத்துப் பழக்கும் இடத்தில் விளையாட்டு வந்தது. அங்கு தேறியவர்கள் மாவட்டப் பள்ளிகளுக்குச் சென்றபோது விசிலும் பந்தும் மட்டுமல்ல, உடல், மனம், ஆன்மா மூன்றும் சேர்ந்ததே கல்வி என்ற ஸ்பிரிங்ஃபீல்டு கொள்கையும் கூடவே சென்றது.

அமெரிக்கர்கள் இந்தப் பகுதிக்குப் புதியவர்கள் அல்லர். 1816இல் யாழ்ப்பாணத்தில் இறங்கிய அமெரிக்க மிஷன், 1834இல் பாக் நீரிணையைக் கடந்து மதுரையில் கிளை தொடங்கியது. 1881இல் பசுமலையில் கல்லூரி வகுப்புகள் நடத்தியது. இராமநாதபுரம் 1910இல் தனி மாவட்டமாகும்வரை மதுரை மாவட்டத்தைச் சேர்ந்ததுதான். வாய்ப்பு இருந்தும் அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்து ஏன் வரவில்லை? ஆட்சி ஆங்கிலேயருடையது, மைதானத்தில் கிரிக்கெட்டும் அவர்களது கால்பந்தும் முன்பே இடம் பிடித்துவிட்டன. செலவு இன்னொரு தடை. மூன்றாவதை நான் முதன்மையாகக் கருதுகிறேன்: 1905க்குப் பின் அந்த ஆட்டத்தைப் பிற நாட்டுப் பிள்ளைகளுக்குப் பரிந்துரைக்க மிஷனரிகளுக்கே வாய் வந்திருக்காது.

கைப்பந்துக்கு இந்தத் தடைகள் ஏதுமில்லை. இரண்டு கம்பம், ஒரு வலை, ஒரு பந்து, கொஞ்சம் சமதரை போதும். வலை கிழிந்தால் முடிச்சுப் போடத் தெரிந்த கைகளுக்கு மீனவக் குப்பங்களில் பஞ்சமில்லை. தமிழகமெங்கும் போலவே இக்கடலோரத்திலும் பொங்கலையும் திருவிழாவையும் ஒட்டி மின்னொளிக் கைப்பந்துப் போட்டி நடப்பது வழக்கமாகிவிட்டது.

இதை முழுவதும் அமெரிக்க வரவு என்று எழுதிவிடவும் கூடாது. பாம்பனில் இறங்கிச் சென்னை சேர்ந்த விவேகானந்தர், அதே 1897இல் அங்கு ஆற்றிய உரையொன்றில், கீதை படிப்பதைவிடக் கால்பந்து ஆடுவது இளைஞரைச் சொர்க்கத்துக்கு அருகில் கொண்டுசெல்லும் என்ற பொருள்படப் பேசினார். அவர் மனத்தில் இருந்தது கல்கத்தா மைதானத்தின் கால்பந்தாகவே இருக்க வேண்டும். எனினும் பக் வருவதற்கு 22 ஆண்டுகளுக்கு முன்பே, உடல்வலிமையை ஆன்மிகத்தோடு சேர்த்துப் பேசும் குரல் இங்கு ஒலித்துவிட்டது. பி.டி. வாத்தியார்கள் வந்து சேர்ந்தது பண்பட்ட மண்ணுக்குத்தான்.

மாவட்டத்தின் பழைய பள்ளிகளில் அணிப் புகைப்படங்களும், கோப்பைகளும், விளையாட்டுப் பதிவேடுகளும் இன்னும் இருந்தால், உப்புக்காற்று அரித்துவிடுமுன் அவற்றை நகலெடுத்து வைக்குமாறு தலைமையாசிரியர்களையும் முன்னாள் மாணவர்களையும் கேட்டுக்கொள்கிறேன்.