அன்னா மக்னானி: லொறியின் பின்னால் ஓடிய பெண்

இத்தாலிய நடிகை என்றதும் சோபியா லோரனையே பலரும் நினைப்பர். எனக்கோ அன்னா மக்னானியே முதலில் நினைவில் எழுவார்.

1908இல் பிறந்தவர். மேடைகளில் பாடி, நகைச்சுவை நடிகர் தோத்தோவுடன் நடித்து, போர்க்காலத்தைக் கடந்தவர். திரையில் பெரும்பாலும் சிறு வேடங்களே வாய்த்தன. 1945இல் ரொசெலினியின் 'ரோம், திறந்த நகரம்' வெளிவந்தபோது வயது 37.

மணக்கவிருந்தவனை ஏற்றிச்செல்லும் ஜேர்மன் லொறியின் பின்னால் அவன் பெயரைக் கூவியபடி ஓடுகிறாள் பினா. துப்பாக்கி வெடிக்கிறது. தெருவில் விழுகிறாள். அன்றுதான் அவளது திருமண நாள்! படத்தின் நடுப்பகுதியிலேயே அவள் கதை முடிந்துவிடுகிறது. எஞ்சிய பகுதியிலும் என் கண்கள் அவளையே தேடும். இது வெறுங் கற்பனையன்று. 1944 மார்ச்சில், பிடித்துச்செல்லப்பட்ட கணவனைக் காணச் சென்ற தெரேசா குல்லாச்சே என்ற கர்ப்பிணி ரோமில் சுட்டுக் கொல்லப்பட்டார். பினா பிறந்தது அவரிலிருந்தே.

டென்னசி வில்லியம்ஸ் இவருக்கென்றே எழுதிய 'த ரோஸ் டாட்டூ' நாடகத்தை, ஆங்கிலம் போதாதென்று மேடையில் மறுத்தார். அதன் திரைவடிவமே 1956இல் ஒஸ்காரைத் தந்தது. பசோலினியின் 'மம்மா ரோமா'வுக்குப் (1962) பின்னர் அழைப்புகள் அருகின. 1972இல் ஃபெலினியின் 'ரோமா'வில் சில நொடிகள் வருகிறார். இரவில் வீடு திரும்பும் அவரை இயக்குனரின் குரல் வினவுகிறது. உம்மை நம்பமாட்டேன் என்று கதவைச் சாத்திக்கொள்கிறார்.

மறு ஆண்டு செப்டெம்பரில் காலமானார்.